நாலு பேருக்கு ஆறு சுண்டு

மட்டக்களப்பு,
மார்ச் 2011

அன்பு மச்சான்,

உன் கடிதம் கிடைத்தது. பெரிய ஆள் இல்லாமல் குடிசையில் தனியாய் இருக்கிற நாலு பிள்ளைகளை என்ன செய்வதென்று கேட்டிருந்தாய். இஞ்ச வெள்ளம் வடிந்துவிட்டது, வயல்தான் மிஞ்சவில்லை.

அந்த நாலு பிள்ளைகளையும் பிரித்துவிடாதே. இரண்டு கூடப்பிறந்ததுகள், இரண்டு அகதி முகாமில் ஒட்டினதுகள் என்றாலும் இப்ப அது ஒரு குடும்பம். சிறுவர் இல்லத்தில் விட்டால் ஆண் ஓரிடம், பெண் ஓரிடம். அந்தப் பயத்தில்தான் கிராம சேவகரைக் கண்டதும் ஒளிக்குதுகள்.

ஆனால் பெரிய ஆள் ஒருவர் பொறுப்பில்லாமல் விடவும் ஏலாது. தாய்வழியில் தேடு. நம்மட பக்கம் குடி என்கிற குலமும் தாய்வழி, வீடு வளவும் பெண்ணுக்கு. பெரியம்மாவோ சின்னம்மாவோ நாலு வேலி தள்ளி இருப்பா. அவ சம்மதித்தால் நன்னடத்தை உத்தியோகத்தர் மூலம் நீதவான் நீதிமன்றத்தில் 'தகுந்த ஆள்' கட்டளை, அதாவது பிள்ளைகளை அவ பொறுப்பில் விடுகிற கட்டளை, எடுக்கலாம். ஒட்டிவந்த இருவரின் சொந்தக்காரரையும் விசாரி. ஒருவரும் இல்லையென்றால் அவர்கள் பெயரையும் அதே மனுவில் சேர்க்கச் சொல். விடுபட்டால் நாளைக்கு அந்த இரண்டையும்தான் முதலில் கொண்டுபோவார்கள்.

பிறப்புப் பதிவு இல்லாததுகளுக்குப் பிரதேச செயலகத்தில் காலம் பிந்திய பதிவு செய்யவேணும். கிளினிக் அட்டை, சாதகக் கொப்பி, பள்ளிக்கூட இடாப்பு, எது கிடைத்தாலும் கொண்டுபோ. ஒன்றுமே இல்லாவிட்டால் உத்தேச வயதுச் சான்றிதழ். எல்லாவற்றையும் பொலித்தீன் உறையில் கட்டி முகட்டு வளையில் தொங்கவிடு. பெட்டிக்குள் வைத்ததெல்லாம் வெள்ளத்தில் கூழாய்ப் போச்சு. ஒரு பிரதி பெரியம்மாவிடம் இருக்கட்டும்.

தகப்பன் காணாமற்போனவர் என்றால், 2010ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கச் சட்டப்படி மரணப் பதிவு எடுக்க வழியிருக்கு. அதற்குப் பிள்ளையை நெருக்காதே மச்சான். அது இன்னும் படலையைப் பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளை.

காசைக் கையில் கொடுக்காதே. கைமாற்றென்று கேட்டு வருகிறவர்களுக்கு அதுகளால் இல்லையென்று சொல்ல ஏலாது. கடையில் அரிசிக்குக் கட்டிவிடு: அரிசி அளக்கிற சுண்டுப் பேணி கிட்டத்தட்ட 200 கிராம் பிடிக்கும்; நேரத்துக்கு மூணு சுண்டு, நாளைக்கு இரண்டு நேரத்துக்கு ஆறு, மாதம் 36 கிலோ வரும். பருப்பு, நெத்தலி, நாளுக்கொரு தேங்காய், சவுக்காரம். குப்பி விளக்கை மாற்றி சிமினி விளக்கு வாங்கிக் கொடு; பாயில் படுத்துப் படிக்கிறதுகள், குப்பி சரிந்தால் ஓலைக்குடிசை நிற்காது. இரவில் துணைக்குப் படுக்க ஒரு கிழவி வேணும்.

மூத்தவளைத்தான் கவனி. அவள் தாயாகிவிட்டாள். முதலில் பள்ளிக்கூடம் நிற்கும், பிறகு பதினாறில் யாராவது கலியாணம் பேசி வருவார்கள். காலைச் சமையலைப் பெரியம்மா வீட்டுக்கு மாற்று, தண்ணி அள்ளுகிற வேலையைப் பெடியனுக்குக் கொடு. சாப்பாட்டு நேரத்தில் ஒரு நாள் போய் நில். சின்னதுகளுக்குப் போட்டுவிட்டு அவள் பானையை அகப்பையால் வழித்து அடிப்பிடித்ததைத் தன் கோப்பையில் போட்டால், ஆறு சுண்டு காணாது. ஏழாக்கு.

அன்புடன்,
உன் மச்சான்