உன் நட்சத்திரத்தில் ஒரு கோள்

நாயுடுபுரம், கொடைக்கானல்
நவம்பர் 2025

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் தீபாவளிக்கு மறுநாள் வந்தது. மூட்டு அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்ததில் எனக்கும் மரகதத்துக்கும் பெரிய நிம்மதி. இங்கே ஐப்பசி மழை ஓயவில்லை. ஒரு வேட்டி காய நான்கு நாள் ஆகிறது. அடுப்படியிலேயே கொடி கட்டிவிட்டாள். சட்டையெல்லாம் தாளித்த வாசனை.

கடைசிப் பத்தியில் என்னை வம்புக்கு இழுத்திருக்கிறாய். "வேற்று விண்மீன்களைச் சுற்றும் கோள்கள் ஆறாயிரமாம். எவன் போய் எண்ணினான்?" நாசாவின் கணக்கு செப்டம்பரில் 6,000-ஐத் தொட்டது மெய்தான். அவற்றில் மிகச் சிலவற்றைத்தான் நேரடியாகப் படம் பிடித்திருக்கிறார்கள் என்பதும் மெய். ஆனால் பார்க்காமலே ஒன்றைக் கண்டுபிடிக்க உனக்கே தெரியும்.

மூஞ்சிக்கல்லில் கடைசி பஸ்ஸுக்குக் காத்திருந்த இரவை நினைத்துப் பார். வாசல் தெரியாத மூடுபனி. டீக்கடைக்குள் இருந்தோம். ஹாரன் சத்தம் கீச்சென்று நெருங்கி வந்தது, சட்டென்று சுருதி இறங்கியது. "போய்விட்டதடா!" என்று டம்ளரை வைத்துவிட்டு ஓடினாய். பஸ்ஸை நீ பார்க்கவே இல்லை. (அன்று நடந்து வந்தது யாரால் என்ற வழக்கை இப்போது எடுக்காதே.)

ஒளிக்கும் அதே சங்கதிதான். விண்மீன் நம்மை நோக்கி வந்தால் அதன் நிறமாலைக் கோடுகள் (ஒளியை நிறம் நிறமாகப் பிரித்தால் நடுவே தெரியும் கறுப்புக் கோடுகள்) நீலப் பக்கம் நகரும். விலகினால் சிவப்புப் பக்கம். 1909-இல் எவர்ஷெட் என்ற வானியலாளர் நம் மலையிலுள்ள சூரிய ஆய்வகத்தில் இந்தக் கோடுகளை வைத்துத்தான், சூரியனிலுள்ள கரும்புள்ளிகளில் வாயு வெளிப்புறமாக ஓடுவதைக் கண்டுபிடித்தார். கோள் சுற்றும்போது தன் விண்மீனையும் கொஞ்சம் இழுக்கிறது. விண்மீன் அசைகிறது, கோடுகள் முன்னும் பின்னும் ஆடுகின்றன. நம் வியாழன் சூரியனை இழுத்தாட்டும் வேகம் எவ்வளவு தெரியுமா? மணிக்கு 45 கிலோமீட்டர். வத்தலக்குண்டுச் சாலையில் நம் பஸ் போகும் வேகம், அவ்வளவுதான்.

சிக்கல் வேறு இடத்தில் இருந்தது. வியாழன் ஒரு சுற்று முடிக்க ஏறக்குறைய 12 ஆண்டு. குறிஞ்சிக் கணக்கு! தூரத்து விண்மீனில் ஒருவன் உட்கார்ந்து நம் சூரியனை அளந்தால், ஒரு பூவிலிருந்து அடுத்த பூ வரை காத்திருக்க வேண்டும். கனடாவைச் சேர்ந்த காம்பெல், வாக்கர் என்ற இருவர் அப்படியே காத்திருந்தார்கள். 21 விண்மீன்கள், 12 ஆண்டுகள். 1995-இல் முடிவை வெளியிட்டார்கள்: வியாழன் போன்ற கோள் எதுவும் உறுதியாக அகப்படவில்லை. அதே 1995-இல் சுவிஸ் வானியலாளர்கள் மிஷேல் மேயோரும் டிடியே கெலோவும் பிரான்சிலுள்ள தொலைநோக்கியைக் கொண்டு ஒன்றைப் பிடித்துவிட்டார்கள். வியாழனில் ஏறக்குறைய பாதி எடையாவது இருக்கும். சுற்றுக்காலமோ நாலேகால் நாள்! நம் புதனைவிட மிக நெருக்கமாக, ஆயிரம் டிகிரிச் சூட்டில் ஓடுகிறது. அவ்வளவு பெரிய கோள் அவ்வளவு பக்கத்தில் இருக்கும் என்று யார் எதிர்பார்த்தார்கள்? 2019-இல் அவர்களுக்கு நோபல் கிடைத்தது. எனக்கென்னவோ அந்தக் கனடாக்காரர்கள் மேல்தான் மனம் போகிறது.

அதற்குப் பிறகு அகப்பட்டவற்றில் பெரும்பாலானவை வேறு வழியில் வந்தவை. கோள் குறுக்கே போகும்போது விண்மீனின் ஒளி துளி மங்கும். அதைத் தனியாக எழுதுகிறேன், கை வலிக்கிறது.

ஆனால் இதைச் சொல்லாமல் முடிக்க மாட்டேன். 1995-இல் பிடித்த அந்தக் கோளின் விண்மீன், 51 பெகாசி, எங்கே இருக்கிறது தெரியுமா? பூரட்டாதியில்! பூரட்டாதி என்று நாம் சொல்லும் இரண்டு விண்மீன்களுக்கும் நடுவே, சற்று மேற்கே ஒதுங்கி நிற்கிறது. மாதம் தவறாமல் அர்ச்சனைச் சீட்டில் நீ எழுதிக் கொடுக்கும் அதே நட்சத்திரம். போன வியாழன் இரவு எட்டு மணிக்கு மழை விட்டு வானம் திறந்தது. பேரனின் பைனாகுலரை எடுத்துக்கொண்டு மொட்டைமாடிக்குப் போனேன். உச்சியில், பூரட்டாதியின் இரண்டு விண்மீன்களும் மேற்கு ஓரமாக நிற்கும் பெரிய சதுரம் தெரிந்தது. அதன் மேற்கு ஓரத்தை ஒட்டி உப்புக்கல் அளவுக்கு ஒரு புள்ளி. கை நடுங்கியதால் அதுவும் நடுங்கியது. அதன் ஒளி இங்கு வர 50 ஆண்டு ஆகிறது. நாம் பியூசி விடுதியில் ஒரே பாயைப் பங்கு போட்டபோது கிளம்பிய வெளிச்சம். மரகதம் குடையோடு வந்து "சளி பிடித்தால் நான் பார்க்க மாட்டேன்" என்றாள். பிடித்துவிட்டது.

2006-இல் குறிஞ்சியாண்டவர் கோயில் சரிவில் சேர்ந்து பூப் பார்த்தோம். 2018-இல் மகள் கல்யாணத்தைச் சாக்குச் சொன்னாய். அடுத்தது 2030. அதற்குள் உன் நட்சத்திரத்துக் கோள் ஏறக்குறைய நானூறு சுற்று சுற்றிவிடும். நீ டாக்டர் சொன்ன பயிற்சியை ஒரு நாளும் விடாமல் செய். அந்தச் சரிவில் உன்னைத் தூக்கிக்கொண்டு ஏற என்னால் முடியாது.

பூண்டு ஒரு கிலோ பார்சலில் அனுப்பியிருக்கிறேன். ஈரம் படாமல் கட்டித் தொங்கவிடு.

உன்
செல்வம்