வலெரி என்ற பெயர்

பலெர்மோ

அன்புள்ள மகளுக்கு,

போன கிழமை நீ பாதிக் கதையில் ரெலிபோனை வைத்த பிறகு எனக்குக் கை வேலையில் ஓடவில்லை. நடிப்புத் தேர்வில் உன்னை எடுக்காததைவிட, கதாநாயகிக்கு ஏற்ற முகம் இல்லை என்றதுதான் உன்னைச் சுட்டிருக்கும். நான் பார்த்துக்கொள்கிற வயதான அம்மா, நம் சிஞ்ஞோராவுக்குச் சூப் பருக்கும்போது இதைச் சொன்னேன். கரண்டியைத் தள்ளிவிட்டு, “பிராங்கா வலெரியையும்தான் எடுக்கவில்லை” என்றார், அந்த இத்தாலிய நடிகையைத்தான். அன்றிலிருந்து இந்த வீட்டில் ஒரே வலெரி புராணம்தான்.

உனக்கு அவரைக் கை நடுங்க மெதுவாகப் பேசுகிற ஒரு பாட்டியாகத்தான் நினைவிருக்கும். 1920 இல் மிலானோவில் பிறந்தவர். தகப்பன் யூதர். 1938 இல் முசோலினியின் யூதருக்கு எதிரான இனச் சட்டங்கள் வந்தன. யுத்தத்துக்குள் தகப்பனும் சகோதரனும் சுவிசுக்குத் தப்பிப் போக, இவரும் தாயும் பொய்ப் பத்திரத்தோடு மிலானோவிலேயே இருந்திருக்கிறார்கள். பத்திரம், எல்லை, ஆளுக்கொரு பக்கமாகப் போன குடும்பம்... இதையெல்லாம் நம் வீட்டுப் பிள்ளைக்கு நான் விளக்கத் தேவையில்லை.

ரோமா நாடக அக்கடமி அவரைச் சேர்க்கவில்லை. சரி என்று, தான் கண்டு கேட்ட பெண்களைத் தானே எழுதி நடிக்கத் தொடங்கினார். மிலானோப் பணக்கார வீட்டுக் குமரியின் அலட்டலை ‘சிஞ்ஞோரினா ஸ்னொப்’ என்று வானொலியில் பேசினார். அதில் முகத்துக்கு என்ன வேலை? அப்புறம் பொனூச்சி, கப்ரியோலி என்ற இரண்டு பேரோடு சேர்ந்து ‘கூனர்கள்’ என்றொரு குழு. காட்சித் திரை இல்லை, வேஷ உடுப்பு இல்லை, மூன்று பேரும் அவர்களின் வாயும்தான். கப்ரியோலியைப் பிறகு கலியாணமும் கட்டினார்.

1955 இல் வந்த ‘வீனஸின் இராசி’ படத்தில் சோபியா லோரன் இவருக்கு மச்சாள். ஆண்கள் எல்லாரும் மச்சாளைத்தான் பார்ப்பார்கள். அந்தப் படத்தை எழுதியவர்களில் வலெரியும் ஒருவர், கவனி. பார்க்கப்படாதவளின் பக்கத்தைத் தன் கையாலேயே எழுதிவிட்டார்.

நேற்றிரவு ‘இல் வெதொவோ’ பார்த்தோம், மனைவியை இழந்தவன் என்று அர்த்தம், 1959 படம். அல்பேர்த்தோ சோர்டி கடன்காரப் புருஷன், வலெரி காசுக்காரப் பெண்சாதி. அவளை லிப்டில் வைத்துக் கொல்லத் திட்டம் போட்டுவிட்டுத் தானே விழுந்து சாகிறான். வலெரி ஒரு இடத்திலும் குரலை உயர்த்துவதில்லை. “கிரெத்தினெத்தி”, அதாவது மடையா, என்று ஒரு சொல், அதுவும் ஏதோ தேத்தண்ணீர் கேட்கிற மாதிரி. அதிலேயே அவன் பாதி செத்துவிடுகிறான். சிரித்துச் சிரித்து சிஞ்ஞோராவுக்குப் புரையேறி, நான் முதுகைத் தடவ வேண்டி வந்தது. பிறகு சிஞ்ஞோரா, வலெரி தொலைக்காட்சியில் நடித்த, தாயோடு ரெலிபோனில் கதைக்கிற ‘சோரா செச்சோனி’ போல ரிமோட்டைக் காதில் வைத்துக்கொண்டு “ப்ரொன்த்தோ, மம்மா”, ஹலோ அம்மா, என்று என்னைக் கூப்பிட்டார். நித்திரைக்குப் போகப் பன்னிரண்டு மணி.

வலெரி ஓபராக்களையும் நெறிப்படுத்தியிருக்கிறார். 2003 இல், எண்பது தாண்டிய வயதில், சாக்ரடீசின் மனைவியாகத் தனியே மேடையில் நின்றார். 90 தாண்டியும் தான் எழுதிய நாடகங்களில் நடித்தார். 2020 ஆகஸ்டில், நூறு வயது நிறைந்து ஒன்பது நாளில் போய்ச் சேர்ந்தார்.

ஒன்றைக் கடைசிக்கு வைத்திருந்தேன். அவருடைய பிறப்புப் பெயர் நோர்சா. மகள் நடிக்கப் போவது தகப்பனுக்குப் பிடிக்கவில்லை, அதனால் வேறு பெயர் தேவைப்பட்டது. சிநேகிதி ஒருத்தியின் கையில் போல் வலேரி என்ற பிரெஞ்சுக் கவிஞரின் புத்தகம் இருந்ததாம், அதிலிருந்து எடுத்தது. இதைக் கேட்டபோது எனக்குச் சூப் ஆறிப்போனது. நீ முதல்முதலில் நடிப்பு என்று சொன்னபோது நானும் அப்பாவும் அந்தத் தகப்பனைப் போலத்தானே நின்றோம்.

அப்பாவிடம் கதைத்துவிட்டேன். அவர் இன்னும் முணுமுணுக்கிறார், அதை விடு. அடுத்த தேர்வுக்கு விண்ணப்பம் போடும்போது எங்கள் பெயரையே முழுதாக எழுது. நீளம்தான், போஸ்டரில் அடங்காது. எழுத்தைச் சின்னதாக்கச் சொல்லு.

அம்மா