அந்த 'ஆனால்' வேண்டாம், கோச்

அன்புள்ள கோச் விவியன் ஸ்டிரிங்கர் அவர்களுக்கு,

வணக்கம். இதைப் படிக்கப்போகிறவர்களில் பலருக்கு உங்கள் பெயர் புதிது. அதனால் உங்கள் கதையை உங்களிடமே திருப்பிச் சொல்ல வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

அமெரிக்கக் கல்லூரிப் பெண்கள் கூடைப்பந்துக் கோச்சான உங்களைப் பற்றி யார் எழுதினாலும் 1,055 வெற்றிகள் என்று ஆரம்பித்து, "ஆனால் தேசிய சாம்பியன் பட்டம் மட்டும் கிடைக்கவில்லை" என்று முடிக்கிறார்கள். அந்த 'ஆனால்' என்னை ரொம்ப நாளாக உறுத்திக்கொண்டிருக்கிறது.

பென்சில்வேனியாவின் எடன்பார்ன் என்ற சுரங்க ஊர்க்காரர் நீங்கள். அப்பா நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி. பள்ளியில் வெள்ளைக்கார மாணவிகள் மட்டுமே இருந்த சியர்லீடர் குழுவில் உங்களுக்கு இடம் மறுத்தார்கள். விடாமல் போராடி வாங்கினீர்கள். அப்புறம் 1971இல் பிலடெல்பியாவுக்குப் பக்கத்திலுள்ள செய்னி ஸ்டேட் கல்லூரி. கறுப்பின மாணவர்களுக்காகத் தொடங்கப்பட்ட பழைய, சிறிய கல்லூரி. பெரிய பல்கலைக்கழகங்களின் பணமும் பகட்டும் அங்கே கிடையாது. ஆண்கள் அணிக்கு ஜான் சேனி கோச், பெண்கள் அணிக்கு நீங்கள், இருவருக்கும் ஒரே ஜிம். அந்த ஜிம்மிலிருந்து கிளம்பித்தான் 1982இல் அமெரிக்கக் கல்லூரி விளையாட்டு அமைப்பான என்.சி.ஏ.ஏ. முதல்முறையாகப் பெண்களுக்கு நடத்திய போட்டியின் இறுதி ஆட்டம் வரை போனீர்கள். லூசியானா டெக்கிடம் 76-62 என்று தோல்வி. அன்றைக்குப் பிறகு கறுப்பினக் கல்லூரி எதுவும் முதல் பிரிவுப் பெண்கள் போட்டியில் கடைசி நான்கு அணிகளுக்குள் வந்ததில்லை. இதற்கு எந்த 'ஆனால்' போடுவது?

அந்தப் பருவம் முழுக்க நீங்கள் ஜிம்முக்கும் மருத்துவமனைக்கும் அலைந்துகொண்டிருந்தீர்கள். ஒன்றரை வயதுகூட ஆகாத உங்கள் மகளை மூளைக்காய்ச்சல் நடக்கவும் பேசவும் முடியாமல் ஆக்கியிருந்தது. இதற்கு மேல் அதைப் பற்றி எழுத எனக்குக் கை வரவில்லை.

1983இல் அயோவா பல்கலைக்கழகம். சோளக்காட்டு மாநிலத்தில், தோற்றுத் துவண்டிருந்த ஒரு அணி. இரண்டே வருடத்தில், 1985 பிப்ரவரியில், ஓஹாயோ ஸ்டேட்டுடன் நடந்த ஆட்டத்துக்கு 22,157 பேர் வந்தார்கள். அரங்கத்தில் இருக்கைகளோ அதைவிட ஆயிரக்கணக்கில் குறைவு. படிகளிலும் ஓரங்களிலும் நின்று பார்த்தார்கள். அன்றைய ஆட்டத்தில் நீங்கள் தோற்றுவிட்டீர்கள். இருக்கட்டுமே. கல்லூரிப் பெண்கள் விளையாடுவதைப் பார்க்க அந்தக் காலத்தில் இத்தனை பேரை வரவழைத்தது யார்?

1992 நவம்பரில், நன்றி தெரிவிக்கும் நாளன்று, உங்கள் கணவர் மாரடைப்பில் இறந்தார். அந்தப் பருவத்திலேயே அயோவாவைக் கடைசி நான்குக்குக் கொண்டுபோனீர்கள். அதே ஓஹாயோ ஸ்டேட்டிடம், கூடுதல் நேரத்தில், ஒரே ஒரு புள்ளியில் தோல்வி. அந்த ஒரு புள்ளியை வைத்து உங்களை எடைபோட எனக்கு மனம் வரவில்லை.

1995இல் நியூஜெர்சிக்கு, ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்துக்கு வந்தீர்கள். 2000இல் அதுவும் கடைசி நான்கில். மூன்று வெவ்வேறு கல்லூரிகளை அங்கே கொண்டுசேர்த்த முதல் கோச் நீங்கள்தான். ஆண்கள் ஆட்டத்திலும் அதற்கு முன் யாரும் செய்ததில்லை.

எனக்கு மிகவும் பிடித்தது 2006-07 அணி. அதில் ஐந்து பேர் முதலாண்டு மாணவிகள், கடைசி வருட மாணவி ஒருத்திகூட இல்லை. டிசம்பரில் சொந்த மைதானத்திலேயே டியூக் பல்கலைக்கழகம் உங்களை 85-45 என்று நொறுக்கியது. நாற்பது புள்ளி! மார்ச்சில் அதே டியூக் மறுபடி எதிரே வந்தது, நாட்டின் முதல்நிலை அணியாக. உங்கள் '55' பிரஸ்ஸைத் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: எதிரணி பந்தை உள்ளே எறியும்போதே மைதானம் முழுக்க ஐந்து பேரும் ஆளை நெருக்குவார்கள்; நடுக்கோட்டைத் தாண்டுவதற்குள் எதிரிக்கு மூச்சு வாங்கிவிடும். புள்ளி குவிக்கும் ஆட்டத்தைவிட, புள்ளி எடுக்கவிடாத ஆட்டத்தின் அழகை எனக்குக் காட்டியது அதுதான். நீங்கள் 53-52 என்று முன்னிலை. நொடியில் பத்தில் ஒரு பங்கு மிச்சமிருக்க, டியூக்குக்கு இரண்டு ஃப்ரீ த்ரோ, அதாவது யாரும் மறிக்காமல் கூடையில் எறியும் வாய்ப்பு. இரண்டும் தவறின.

அங்கிருந்து இறுதி ஆட்டம் வரை போய், டென்னசியிடம் தோற்றீர்கள். மறுநாள் காலை வானொலித் தொகுப்பாளர் டான் ஐமஸ் தன் நிகழ்ச்சியில் உங்கள் மாணவிகளின் நிறத்தையும் பெண்மையையும் இழிவாகப் பேசினார். அந்தச் சொல்லை இங்கே எழுதமாட்டேன். ஏப்ரல் 10 அன்று மாணவிகளை மேடையில் அமர்த்தி நீங்கள் பேசியதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். அவர்கள் எடுத்த புள்ளிகளைப் பற்றியா பேசினீர்கள்? படிப்பில் முதலிடம் பிடித்தவள், நாளைக்கு டாக்டராகப் போகிறவள், இசையில் தேர்ந்தவள் என்று, பெற்ற தாய் ஊருக்கு எடுத்துச் சொல்வதுபோலச் சொன்னீர்கள். இரண்டு நாளில் ஐமஸின் வேலை போனது. எனக்கு அதைவிடப் பெரிதாகப் பட்டது, அந்தப் பெண்கள் அன்று தலை நிமிர்ந்து உட்கார்ந்திருந்த விதம்.

2009இல் மைக்கேல் ஜோர்டனோடு ஒரே மேடையில், கூடைப்பந்து மேதைகளைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் இடம். 2018இல் ஆயிரமாவது வெற்றி; அந்த எண்ணைத் தொட்ட முதல் கறுப்பினக் கோச். 2022இல் ஓய்வு. ரட்கர்ஸ் மைதானத்துக்கே உங்கள் பெயர்.

ஒன்று மட்டும் உங்களிடம் கேட்க வேண்டும். அந்த டிசம்பர் இரவு, நாற்பது புள்ளியில் தோற்று உடைமாற்றும் அறைக்குத் திரும்பியபோது, அந்த இளம் பிள்ளைகளிடம் முதலில் என்ன சொன்னீர்கள்? நேரம் கிடைக்கும்போது ஒரு வரி எழுதுங்கள்.

மிகுந்த அன்புடன்,
உங்கள் ரசிகை