ஆறப்போட வேண்டாம் ஐயா, அது நீதிமன்ற உத்தரவு

மதிப்பிற்குரிய தமிழ்நாடு அரசுத் துறைச் செயலாளர்களுக்கு,

வணக்கம். உயர் நீதிமன்ற உத்தரவுகள் உங்களுக்குக் கீழுள்ள அலுவலகங்களில் எப்படிக் கிடக்கின்றன என்று நான் விளக்க வேண்டியதில்லை. போன வாரம், உத்தரவு நிறைவேறாததால் போடும் நீதிமன்ற அவமதிப்பு மனு இன்னொன்றுக்காக வக்கீல் ஆபீசுக்குத் துணைக்குப் போய்வந்த எரிச்சலில் எழுதுகிறேன்.

மனுதாரர், அரசு மாணவர் விடுதி ஒன்றில் இரவுக் காவலராக இருந்தவரின் மனைவி. காவலர் பல வருடம் தினக்கூலி. 2003-க்கு முன்பே பணிவரன்முறை (பணி நிரந்தரம்) செய்யப்பட்டவர், அதனால் பழைய ஓய்வூதியத் திட்டத்தில் வருபவர். தினக்கூலிக் காலத்தில் பாதியைச் சேர்த்து ஓய்வூதியம் கணக்கிட 12 வாரம் கெடு வைத்து உத்தரவானது. நகலை அவர் லேமினேட் செய்து வைத்தார், கைபட்டு நைந்துவிடக் கூடாதாம். கெடு போனது, பிறகு அவரும் போய்ச் சேர்ந்தார். இப்போது அதே நகலோடு அந்த அம்மா அலைகிறார். “ஃபைல் நிதித்துறைக்குப் போயிருக்கும்மா.” அடுத்த முறை, “அரசு வக்கீல்கிட்ட ஒப்பீனியன் கேட்டிருக்கோம்.” அதற்கடுத்து, “அந்த சீட்டுக்குப் புது ஆள் வந்திருக்காங்க, முதல்லேருந்து பார்க்கணும்.” சர்க்கரை மாத்திரையை ஒரு நாள் விட்டு ஒரு நாள்தான் போடுகிறார். டாக்டரிடம் சொல்லவில்லை, திட்டுவாராம்.

ஓய்வூதியம் இனாம் அல்ல, உரிமை என்று டி.எஸ். நகரா என்ற ஓய்வூதியர் தொடர்ந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1982 டிசம்பர் 17 அன்றே சொல்லிவிட்டது. அந்த நாளைத்தான் ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறோம். வாழ்த்துச் செய்தி வேண்டாம் ஐயா. உத்தரவைக் கெடுவுக்குள் நிறைவேற்றுங்கள்.

உத்தரவு தவறென்று பட்டால் மேல்முறையீடு செய்யுங்கள், அது உங்கள் உரிமை. தனி நீதிபதியின் உத்தரவுக்கு எதிராக அதே உயர் நீதிமன்றத்தின் அமர்வில் ரிட் அப்பீல் (மேல்முறையீடு) போட 30 நாள் இருக்கிறது. அதை விட்டுவிட்டு, அவமதிப்பு நோட்டீஸ் வந்த பிறகு “நிர்வாகக் காரணங்களால்” தாமதம் என்று மன்னிப்பு மனுவோடு அப்பீல் போடுவது என்ன நியாயம்? “பரிசீலிக்கவும்” என்று உத்தரவில் ஒரு சொல் இருந்துவிட்டால் இன்னும் வசதி. நீதிமன்றம் ரத்து செய்த அதே காரணத்தை எழுதி, பரிசீலித்து நிராகரித்தாயிற்று என்கிறீர்கள். மனுதாரர் மறுபடி முதல் படியில்.

உங்களால் வேகமாக வேலை செய்ய முடியாது என்று யாரும் சொல்ல முடியாது. அதிகாரி நேரில் ஆஜராக வேண்டும் என்று நீதிபதி சொல்லட்டும், மாதக்கணக்கில் நிதித்துறையில் இருந்த கோப்பு ஒரே ராத்திரியில் கையெழுத்தாகி வந்து நிற்கும். அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் அழைக்கக் கூடாது, அழைத்தாலும் முதலில் காணொலிதான் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்தது. உங்கள் சிரமத்துக்கு நெறிமுறை வந்துவிட்டது. அந்த அம்மா இன்னும் இரண்டு பஸ் மாறித்தான் வருகிறார்.

1971-ஆம் வருட அவமதிப்புச் சட்டம் பற்றியும் ஒரு வார்த்தை. ஆறு மாதம் வரை சிறை அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், சில வழக்குகளில் இரண்டும். ஆனால் ஒரு வருடத்துக்குள் மனுதாரர் வரவில்லையென்றால் அந்தக் கதவு சாத்திக்கொள்ளும். “வந்துட்டே இருக்கும்மா” என்ற பதிலை நம்பி வருடத்தைக் கடத்தியவர்கள் எங்கள் ஓய்வூதியர் சங்கத்திலேயே உண்டு. இது தற்செயலா, பழக்கமா என்று உங்கள் மனசாட்சிதான் சொல்ல வேண்டும். ஓய்வூதியர் உயிரோடிருப்பதை வருடம் தவறாமல் நிரூபிக்க வேண்டும். உத்தரவு உயிரோடிருக்கிறதா என்று உங்களைக் கேட்பார் இல்லை!

கோபத்தில் ஏதாவது அதிகமாக எழுதியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்பது ஒன்றுதான்: கெடுவுக்குள் நிறைவேற்றுங்கள், இல்லையேல் 30 நாளுக்குள் அப்பீலுக்குப் போங்கள். எந்த உத்தரவு எந்தத் தேதிக்குள், எந்த அதிகாரியிடம் என்று ஒரு பதிவேட்டை ஒவ்வொரு துறையும் இணையதளத்தில் போடட்டும். கெடு தாண்டினால் வழக்குச் செலவு கஜானாவிலிருந்து போகாமல், கோப்பை வைத்திருந்தவரின் சம்பளத்தில் பிடிக்கப்படட்டும். தயவுசெய்து இதற்கு ஓர் அரசாணை பிறப்பிக்க ஆவன செய்யுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற அரசு ஊழியர் ஒருவர்