முதலில் திசை, பிறகு சமன்பாடு

ஆசிரியருக்கு,

பிளஸ் 2 நிலைமின்னியலில், இரு புள்ளி மின்னூட்டங்களால் மூன்றாவதன் மேல் ஏற்படும் விசை எங்கே சுழியாகும் என்ற கணக்கை, நீட் தேர்வுக்காக ஒற்றைச் சூத்திரமாக மனப்பாடம் செய்கிறார்கள். அதில் வருவது கூட்டல் குறியா, கழித்தல் குறியா என்ற இடத்தில்தான் மதிப்பெண் போகிறது. தங்கள் கல்விப் பக்கத்தின் மாதிரி விடைகளில் திசையை முதலில் விளக்க வேண்டுகிறேன்.

+4, +1 மைக்ரோகூலூம் மின்னூட்டங்கள் 30 செ.மீ. இடைவெளியில் இருக்கட்டும். இரண்டையும் இணைத்து இருபுறமும் நீளும் நேர்கோட்டை விட்டு விலகிய இடங்களில் இரு விசைகளும் ஒரே நேர்கோட்டில் அமையாது. எனவே கோட்டின் மேல் மட்டும் தேடினால் போதும். ஓரின மின்னூட்டங்களுக்கு நடுவில்தான் விசைகள் எதிரெதிராக இருக்கும். மின்னூட்ட விகிதம் 4 என்றால், தூரங்களின் விகிதம் அதன் வர்க்கமூலமான 2. ஆக, பெரியதிலிருந்து 20 செ.மீ. இருபடிச் சமன்பாடாகத் தீர்ப்பவர்களுக்கு 60 செ.மீ. என்று இன்னொரு விடையும் வரும். அங்கே அளவுகள் சமம்தான், ஆனால் திசை ஒன்றே. ஆகவே அதைத் தள்ள வேண்டும்.

சிறியதை -1 ஆக்கினால் நிலைமை தலைகீழ். இப்போது 60 செ.மீ.தான் சரி, அதாவது சிறிய மின்னூட்டத்தைத் தாண்டி 30 செ.மீ. பெரியதன் பக்கம் தேடுவது வீண். அங்கே அளவிலும் அருகாமையிலும் பெரியதே வெல்லும். 20 செ.மீ. என்று எழுதுபவர் காட்டும் இடத்தில் மின்புலம் (ஓரலகு மின்னூட்டத்தின் மேலான விசை) சுழியல்ல, 18 லட்சம் நியூட்டன்/கூலூம்! அளவு சமமான வேறின மின்னூட்டங்களுக்கோ அப்படியொரு புள்ளியே கிடையாது.

மின்னழுத்தம் சுழியாகும் இடத்தையும் இதோடு குழப்புகிறார்கள். +4, -1 அமைப்பில் கோட்டின் மேல் அது சிறியதிலிருந்து உள்ளே 6 செ.மீ., வெளியே 10 செ.மீ. தொலைவில் உள்ளது.

விசை சுழி என்றால் உறுதிச் சமநிலை, அதாவது சற்று நகர்த்தினாலும் திரும்பி வரும் நிலை, என்று எழுதுவதும் தவறு. முதல் அமைப்பில் 20 செ.மீ. புள்ளியில் வைத்த நேர் மின்னூட்டத்தைக் கோட்டின் வழியே சற்று நகர்த்தினால் திரும்பி வரும். பக்கவாட்டில் நகர்த்தினால் விலகி ஓடும். எதிர் மின்னூட்டமானால் இரண்டும் மாறிவிடும். நிலையான மின்விசைகளால் மட்டும் ஒரு மின்னூட்டத்தை எல்லாத் திசையிலும் கட்டி நிறுத்த முடியாது என்று ஆங்கிலேயக் கணிதவியலாளர் ஏர்ன்ஷா 1842-லேயே காட்டினார். ஜெர்மன் இயற்பியலாளர் வுல்ஃப்கேங் பால் அயனிகளை (மின்னூட்டம் பெற்ற அணுக்களை)ப் பிடித்துவைக்க ஊசலாடும் மின்புலத்தை நாடியதற்கு இதுதான் காரணம். அந்தப் பணிக்கே 1989-ல் நோபல் பரிசில் பங்கு பெற்றார்.

இப்படிக்கு,
மேல்நிலை இயற்பியல் ஆசிரியர்,
தஞ்சாவூர்.