ஒரு வீட்டு வரி ரசீது

அன்புள்ள முந்நூற்றுப் பதினெட்டுக்கு,

முழிக்காதே. 2024 ஜூலை 1-லிருந்து நீ நானூற்றிருபது இல்லை. இந்திய தண்டனைச் சட்டம் (ஐ.பி.சி.) போய் பாரதிய நியாய சன்ஹிதா வந்ததும் ஏமாற்றுக் குற்றம் 318-க்குக் குடிபோய்விட்டது. ஹாஸ்டலில் உனக்குப் பெயர் வைத்தவன் என்ற முறையில் திருத்திக் கூப்பிடுவது என் கடமை. இரண்டு வருஷமாக ஒரு வரி எழுதவில்லை, திட்டு. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. பெரியவன் பன்னிரண்டாவது. சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

பேங்கில் அடமானப் பத்திரம் பார்க்கிற உனக்கு எங்கள் வக்கீல் பாடு தெரியாது. கொலை 302 என்று பச்சைக் குழந்தைக்கும் தெரியும், இப்போது 103. புதுச் சட்டத்தில் 302-ஐத் திறந்தால் மத உணர்வைப் புண்படுத்தும் பேச்சு! குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில், வழக்கை ரத்து செய்யச் சொல்லி ஹைகோர்ட்டுக்குப் போவோமே 482, அதற்குப் பதில் வந்த புதுச் சட்டத்தில் அந்த எண் முன்ஜாமீன். ஜூலைக்கு முன் நடந்த குற்றத்துக்குப் பழைய தண்டனைச் சட்டம் என்பதால் மேஜையில் இரண்டு புத்தகமும் கிடக்கின்றன. நம் வெற்றிலை சீனியர் ஐ.பி.சி. என்றே சொல்கிறார். மாஜிஸ்திரேட்டும் சிரித்துக்கொண்டே எழுதிக்கொள்கிறார்.

எண்ணைத்தான் மாற்றினார்கள் என்று, புதுச் சட்டங்களை எதிர்த்து நடந்த கோர்ட் புறக்கணிப்பில் நானும் கோஷம் போட்டேன். அது முழுக்க நியாயமில்லை என்று இப்போது படுகிறது. சோதனை போட்டால் வீடியோ எடுக்க வேண்டும், ஏழு வருஷமும் அதற்கு மேலும் தண்டனை உள்ள குற்றமென்றால் தடய அறிவியல் நிபுணர் ஸ்பாட்டுக்கு வர வேண்டும் என்பதெல்லாம் நல்லதுதானே? பதினைந்து நாள் போலீஸ் காவலை முதல் 40 அல்லது 60 நாளுக்குள் பிய்த்துப் பிய்த்து எடுக்கலாம் என்பதுதான் பிடிக்கவில்லை. ஜாமீன் கேட்கும்போதெல்லாம் ‘கஸ்டடி பாக்கி இருக்கிறது’ என்று எழுந்து நிற்க ஒரு சாக்கு.

ஆனால் நான் மயங்கியது புது நடைமுறைச் சட்டமான நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 479-ஆம் பிரிவில். முன்பு, அதிகபட்ச தண்டனையில் பாதியை விசாரணைக் கைதியாகவே கழித்தால் விடலாம் என்று இருந்தது. இப்போது, இதற்கு முன் எந்தக் குற்றத்துக்கும் தண்டனை பெறாதவன் மூன்றில் ஒரு பங்கு கழித்தாலே போதும். அதுவும் ஜாமீன்தாரர் இல்லாமல், சொந்தப் பிணையில். மனு கூட ஜெயில் சூப்பரிண்டெண்டே போட வேண்டும். பழைய வழக்குகளுக்கும் பொருந்தும் என்று 2024 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட் சொன்ன அன்று நான் சீனியருக்கு வடை வாங்கிக் கொடுத்தேன். 1979-ல் ஹுசைனாரா காத்தூன் வழக்கு, நீ அரியர் வைத்த பேப்பர், நினைவிருக்கிறதா? பீகார் ஜெயிலில் தண்டனைக் காலத்தைவிட அதிகமாக விசாரணைக் கைதியாகவே கிடந்தவர்கள். இன்றும் நம் நாட்டு ஜெயிலில் நாலில் மூன்று பேர் விசாரணைக் கைதிகள்தானடா.

என் கட்சிக்காரப் பையனுக்கு வயது பத்தொன்பது. பைக் திருட்டு, அதிகபட்சம் மூன்று வருஷம். மூன்றாவது வாரமே ஜாமீன் கிடைத்தது, இரண்டு ஜாமீன்தாரர் வேண்டும் என்று. அம்மா செங்கல் சூளையில். சொந்தம் என்று வந்தவர்களிடம் ஒரு சென்ட் நிலம் கிடையாது. கையில் ஜாமீன் உத்தரவு, காலம் ஜெயிலில். ஒரு வருஷம் ஆனதும் 479-ல் மனுப் போட்டுவிட்டு மார்தட்டிக்கொண்டு நின்றேன். அரசுத் தரப்பு வக்கீல் (ஏபிபி) எழுந்து, ‘மூணு கேஸ் இருக்கு’ என்று ஒரே வரி சொல்லி உட்கார்ந்துவிட்டார். ஆமாம், உள்ளே இருந்தவனை, ஜெயிலிலிருந்து வேறு வழக்குக்காகக் கோர்ட்டுக்குக் கொண்டுவரும் பி.டி. வாரண்டில் எடுத்து, துப்புக் கிடைக்காத இரண்டு பைக்கையும் அவன் தலையில் கட்டியிருந்தார்கள். ஒன்றுக்கு மேல் வழக்கிருந்தால் இந்தச் சலுகை கிடையாது என்று அதே பிரிவின் இரண்டாவது உட்பிரிவு சொல்கிறது. ஒரு கையால் கொடுத்ததை மறு கையால் வாங்கிக்கொண்டார்கள். அன்று ராத்திரி எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

அப்புறம் அலைந்து, அந்த இரண்டு வழக்கிலும் சொந்தப் பிணை வாங்கிவிட்டேன். முதல் வழக்கில் நிபந்தனையைத் தளர்த்தி ஒரே ஒரு ஜாமீன்தாரர் என்று ஆக்கியாயிற்று. அந்த ஒருவர்தான் இல்லை. கோர்ட் வாசலில் காசுக்கு நிற்கிற ஆட்கள் உண்டு, அவர்களிடம் போக மாட்டேன். நானே நிற்கலாமென்றால் கட்சிக்காரனுக்கு வக்கீல் ஜாமீன் நிற்கக்கூடாது என்கிறது பார் கவுன்சில் விதி.

தெற்குத் தெரு வீடு இன்னும் உன் பெயரில்தானே இருக்கிறது?

பயல் ஓடிப்போனால் பத்தாயிரம் உன் தலையில், மறைக்கவில்லை. ஓட மாட்டான் என்று நினைக்கிறேன். அவன் அம்மாவைப் பார்த்தால் நீயும் அப்படித்தான் நினைப்பாய். வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு வந்தால் போதும். ஆதார், இரண்டு போட்டோ, இந்த வருஷ வீட்டு வரி ரசீது. ரசீதை மறந்துவிடாதே, அசல் வேண்டும். முடித்துவிட்டு வீட்டில் சாப்பாடு. கண் பளிச்சென்று தெரிகிறதாம். நீ எவ்வளவு பருத்திருக்கிறாய் என்று அம்மா பார்க்கணுமாம்.

உன்,
சேகர்