முருகேசனுக்கு, கயலின் படிப்பு பற்றி

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் வந்து நாளாகிவிட்டது. மூட்டுவலியும் அலுவலகமும் மாறி மாறிப் பிடுங்கியதில் உடனே எழுத முடியவில்லை. இப்போது வலி பரவாயில்லை, வேலைதான் குறையக் காணோம். எங்கள் தேடுபொறிக் குழுவில் செயற்கை நுண்ணறிவைத் தவிர வேறு பேச்சே கிடையாது.

தமிழ் எம்.ஏ. முடித்த பிள்ளை கணினிப் பக்கம் போய் என்ன செய்யும் என்று கேட்டிருந்தாய். கயலிடம் கேரன் ஸ்பார்க் ஜோன்ஸ் என்ற கணினி ஆராய்ச்சியாளரின் பெயரைச் சொல். 1935இல் இங்கிலாந்தின் ஹடர்ஸ்ஃபீல்டில் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் படித்தது வரலாறு, கடைசியில் கொஞ்சம் தத்துவம். சில காலம் பள்ளி ஆசிரியை. மார்கரெட் மாஸ்டர்மன் நடத்திய மொழி ஆராய்ச்சிக் குழுவில் சேர்ந்த பிறகுதான் கணினி வேலை. ஒரு பொருள் தரும் பல சொற்களைக் கணினியைக் கொண்டு எப்படி இனம் பிரிப்பது என்று 1964இல் ஆய்வேடு கொடுத்தார். அது அச்சேறியது 1986இல்!

அவர் பெயரை நிலைநிறுத்தியது 1972இல் வந்த ஒரு கட்டுரை. விஷயம் எளிமையானது. 10,000 ஆவணங்களில் 'கல்லணை பற்றி' என்று தேடுகிறாய் என்று வை. 'பற்றி' எல்லா ஆவணத்திலும் இருக்கிறது, 'கல்லணை' பத்தில்தான் இருக்கிறது. மொத்த ஆவணங்களைச் சொல் வரும் ஆவணங்களால் வகுத்து, 10ஐ அடியாக வைத்து மடக்கை எடு. 'பற்றி'க்கு 0, 'கல்லணை'க்கு 3. அவ்வளவுதான், எந்தச் சொல்லை நம்பித் தேடுவது என்று கணினிக்குத் தெரிந்துவிடும். அவர் இதைச் சோதித்தது சில நூறு ஆவணங்களை வைத்து. பிறகு ஸ்டீபன் ராபர்ட்சன் என்ற ஆய்வாளரோடு சேர்ந்து இதை இன்னும் வளர்த்தார். அந்த வழியில் வந்த, ஆவணங்களைப் பொருத்தத்துக்கேற்ப வரிசைப்படுத்தும் பிஎம்25 என்ற சூத்திரம் இன்றும் எங்கள் கணினிகளில் ஓடுகிறது. பொருளை வைத்துத் தேடும் புது முறைகள் பெயரிலும் எண்ணிலும் தடுமாறும்போது நாங்கள் இதைத்தான் நாடுகிறோம்.

இதில் கயலுக்கு ஒரு வேலை காத்திருக்கிறது. கல்லணையில், கல்லணைக்கு, கல்லணையிலிருந்து என்று வந்தால் கணினி மூன்றையும் வேறு வேறு சொல்லாக எண்ணும், கணக்கு மொத்தமும் கோணிப்போகும். வேற்றுமை உருபும் புணர்ச்சியும் அறிந்தவர் இல்லாமல் இதைச் சரிசெய்ய முடியாது. எங்கள் குழுவில் நிரல் எழுத ஆள் இருக்கிறது, நன்னூல் படித்த ஆள் இல்லை.

ஆனால் இன்னொரு பக்கத்தையும் மறைக்காமல் சொல்லிவிடு. இவ்வளவு செய்த ஸ்பார்க் ஜோன்ஸ் அம்மா வாழ்நாளில் பெரும்பகுதியைக் குறுகிய கால ஒப்பந்தங்களில்தான் ஓட்டினார். கணவர் ரோஜர் நீதம் 1980 முதல் 1995 வரை கேம்பிரிட்ஜ் கணினி ஆய்வகத்தின் தலைவர். அதே இடத்தில் 1974 முதல் வேலை பார்த்த மனைவிக்குப் பேராசிரியர் பதவி 1999இல்தான் வந்தது, அறுபதைத் தாண்டிய பிறகு. 2002இல் ஓய்வு. 2007இல் புற்றுநோயில் போய்விட்டார். இதையெல்லாம் தியாகம் என்று புகழ்ந்து பேசுபவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. நியாயமாக நடந்திருந்தால் 1974லேயே நிரந்தர வேலை கிடைத்திருக்க வேண்டும். கணினித்துறையை ஆண்களிடம் மட்டும் விட்டுவைக்கக் கூடாது, அது அவ்வளவு முக்கியமானது என்று அவர் சொன்னது சும்மா இல்லை. ஆகவே கயல் ஆய்வில் சேரும்போது உதவித்தொகை எத்தனை வருடத்துக்கு, அதற்கப்புறம் என்ன என்று முதலிலேயே கேட்டுக்கொள்ளட்டும்.

அதுவரை பைதான் என்ற நிரல்மொழியைக் கொஞ்சம் கற்றுக்கொள்ளச் சொல். தமிழ் விக்கிப்பீடியாவில் நூறு கட்டுரைகளை எடுத்து, மேலே சொன்ன கணக்கைப் போட்டுப் பார்க்கட்டும். மடக்கை பள்ளியில் படித்ததுதான், பயப்பட ஒன்றுமில்லை. எங்கே மாட்டினாலும் இரவு எட்டு மணிக்கு மேல் என்னைக் கூப்பிடலாம்.

அன்புடன்,
கதிரேசன்